சுவருக்குள் இருக்கும் கை

புவனா இறந்த செய்தி, ஒரு புகைப்படம் கேட்டு எனக்கு வந்தது. புதன்கிழமை காலை பதுளைக் கடைவீதியில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது. பேசியவர் ஒரு தொழிற்சங்கத்தின் வட்டாரப் பொறுப்பாளர். அவர் பெயரை எழுதவில்லை. எழுதினால் அதையும் வெட்டி எடுத்துச் சட்டகம் போட்டு மாட்டிவிடுவார்.

“அண்ணே, புவனாக்கா போட்டோ ஒன்னு நல்லதா இருக்கா? மூஞ்சி தெளிவா தெரியிற மாதிரி.”

“எதுக்கு?”

“பேனருக்குத்தான். கடைக்காரன் பதினோரு மணிக்குள்ள குடுக்கச் சொல்றான்.”

“என்ன பேனர்?”

“அட, தெரியாதா? விடிய அஞ்சு மணிக்கு ஆஸ்பத்திரில முடிஞ்சிருச்சுண்ணே. நீங்க பேப்பர்காரர், எங்களுக்கு முந்தியே தெரியும்னுல்ல நெனச்சேன்.”

தேடிப் பார்க்கிறேன் என்றேன். “கெடைக்காட்டிப் பரவால்ல. படத்துலேருந்தே ஒன்னு வெட்டிக்கிறோம்” என்று சொல்லி வைத்துவிட்டார். என் வேலையில் மரணச் செய்திகள் பல விதமாக வந்திருக்கின்றன. அச்சுக்கடைக்காரர் கொடுத்த நேரத்தைச் சொல்லிக்கொண்டு வந்தது இது ஒன்றுதான்.

புவனேஸ்வரியை அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். லுணுகலைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர். ஹாலிஎல புகையிரத நிலையத்துக்குப் போகும் வழியில் ஓர் அறை ஸ்டூடியோ வைத்திருந்தார். அடையாள அட்டைக்குப் படம் பிடிப்பார். கல்யாண வீடு, சடங்கு வீடு என்று அழைத்த இடத்துக்கெல்லாம் போவார். அதில் மிஞ்சியதைக் கொண்டு ஆறு ஆவணப்படங்கள் எடுத்தார். முதல் படம் தவிர மற்ற எல்லாவற்றிலும் அவரே வருவார், புவனாவாகவே. ஒரு பழுப்பு ஸ்வெட்டர், பூச்சில்லாத முகம், தொண்டைக் கட்டு விலகாத குரல். கடைசிப் படத்தின் பெயர் ‘பன்னிரண்டு காம்பரா’. காம்பரா என்றால் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டில், ஒரு குடும்பத்தின் அறை. மலைச்சரிவில் வெடிப்பு விட்ட ஒரு லயத்திலிருந்து பன்னிரண்டு குடும்பங்களை இறக்கி வேறு நிலம் கொடுக்க வைக்க வேண்டும். அந்த ஒரு காரியத்துக்காகத்தான் அதை எடுத்தார். அந்தக் காரியம் இன்னும் நடக்கவில்லை. அவரைப் பற்றி யார் எதைச் சொன்னாலும், என்னையும் சேர்த்து, அதை மனதில் வைத்துக்கொண்டு கேளுங்கள்.

நான் அவரை முதலில் பார்த்தது பதுளையில் ஒரு மகளிர் தினக் கூட்டத்தில். மேடையில் ஒன்பது ஆண்கள் இருந்தார்கள். புவனா காமராவை முக்காலியில் நிறுத்தி, அதை மேடைக்குத் திருப்பாமல் தன் பக்கமாகத் திருப்பி வைத்து, ஒரு வரிசையில் தனியாக உட்கார்ந்து பேச்சைக் கேட்டுக்கொண்டிருந்தார். இரண்டு மணி நேரம். கொட்டாவி வந்தபோது மறைக்கவில்லை. மறுநாள் என் செய்தியின் கடைசி வரியில் “நடிகை புவனேஸ்வரியும் கலந்துகொண்டார்” என்று எழுதினேன். யாரிடமும் கேட்கவில்லை. திரையில் தெரிகிற பெண் நடிகைதான் என்று என் கை தானாக முடிவு செய்திருந்தது. மூன்றாம் நாள் பத்திரிகையைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு அலுவலகத்துக்கு வந்தார்.

“இத எழுதுன அண்ணன் யாரு?”

“நான்தான்.”

“நான் நடிக்கலீங்க. நடிச்சவங்க ஒம்பது பேரு மேடையில இருந்தாங்க. அவங்க பேரெல்லாம் சரியாத்தான் போட்டிருக்கீங்க. பட்டத்ததான் மாத்திக் குடுத்துட்டீங்க.”

திருத்தம் வெளியிட்டோம். ஆறாம் பக்கத்தில், மோட்டார் சைக்கிள் விளம்பரத்துக்குக் கீழே. அதைப் பார்த்துவிட்டு, “பூதக்கண்ணாடியும் சேத்துக் குடுத்திருக்கலாம்” என்றார். அதற்குப் பிறகு பல ஆண்டுகள் என்னோடு பேசினார். என்னை மன்னித்தார் என்று சொல்ல முடியாது.

அவர் ஏன் தன் முகத்தையே காட்டினார் என்பது பற்றிக் கொழும்பில் நிறைய எழுதியிருக்கிறார்கள். தன்னைத் தானே விசாரணை செய்யும் திரைமொழி என்றார் ஒருவர். உடலே அரங்கு என்றார் இன்னொருவர். இவர்களில் ஒருவராவது லுணுகலை பஸ்ஸில் ஏறி அவரிடம் காரணம் கேட்டிருந்தால் இவ்வளவு காகிதம் மிஞ்சியிருக்கும்.

காரணம் இதுதான். முதல் படத்தில் அவர் ஓரிடத்திலும் வரவில்லை. ஒழுகும் கூரை பற்றிய படம் அது. அதில் கொழுந்து எடுக்கும் ஓர் அம்மா தன் காம்பராவுக்குள் நின்று, எந்தெந்தப் பாத்திரத்தை எங்கெங்கே வைத்து மழையைப் பிடிக்கிறோம் என்று காட்டினார். அவ்வளவுதான். யாரையும் திட்டவில்லை. படம் கொழும்பில் காட்டப்பட்டு, யாரோ தோட்டத்தை நிர்வகிக்கும் துரைக்குச் சொல்லி, திங்கட்கிழமை பெரட்டில், அதாவது காலையில் ஆட்களை நிறுத்தி வேலை பிரித்துக் கொடுக்கும் இடத்தில், அந்த அம்மாவைப் பத்தாம் நம்பர் மலைக்கு அனுப்பினார்கள். செங்குத்தான மலை. அட்டை நிறைந்தது. கொழுந்து குறைவு. அங்கே போனால் சொன்ன நிறை சேராது. சேராவிட்டால் அரைப் பேர். தோட்டத்தில் பேர் என்றால் ஒரு நாள் வேலைக்கான பதிவு. குறைவாக எடுத்தவளுக்கு அதில் பாதிதான் விழும். மூன்று மாதம் அந்த அம்மா அதே மலைக்குப் போனார். ஏன் என்று யாரும் சொல்லவில்லை.

“அவங்க ரொம்ப நாகரிகமானவங்கண்ணே” என்றார் புவனா. “ஒரு கெட்ட வார்த்த பேசல. கொரல ஒசத்தல. மலைய மட்டும் மாத்திவிட்டாங்க.”

அந்த அம்மா புவனா மீது கோபப்படவில்லை. ஆனால் அதற்குப் பிறகு காமராவைக் கண்டால் முந்தானையால் முகத்தைத் துடைப்பது போல மறைத்துக்கொள்வார். லயத்தில் மற்றவர்களும் அப்படியே ஆனார்கள். புவனா ஒரு மாதம் எதையும் எடுக்காமல் இருந்துவிட்டு, பிறகு காமராவைத் தன் பக்கம் திருப்பினார்.

“எனக்குப் பெரட்டு கெடையாது. என் பேர வெட்ட எந்தப் புத்தகமும் கெடையாது. இனி அவங்க சொல்றத நான் சொல்றேன், என் மூஞ்சிய வச்சி.”

முழு இரகசியமும் இவ்வளவுதான். அவர்கள் அடுப்படியில் உட்கார்ந்து காமரா இல்லாமல் சொல்வார்கள். புவனா வெளியே வந்து, “நான் புவனா. இந்த லயத்துல ஒருத்தங்க சொன்னத சொல்றேன்” என்று தொடங்கி, ஒரு சொல் கூட்டாமல் குறைக்காமல் சொல்வார். கொழும்பில் ஒரு திரையிடலுக்குப் பிறகு, உங்கள் உருவத்தின் மீது உங்களுக்கு ஏன் இத்தனை மோகம் என்று ஒருவர் கேட்டார். புவனா யோசித்துவிட்டு, “என் மூஞ்சிய அட்ட கடிக்காதுங்க” என்றார். உருவகம் என்று நினைத்துக் கைதட்டினார்கள்.

அதே திரையிடலில்தான் அரைப் பேர் கதையும் நடந்தது. “எங்களுக்கு அரைப் பேர்தான் போட்டாங்க” என்று படத்தில் ஒரு வரி வரும். அதைத் திரையின் கீழே ஆங்கிலத்தில் எழுதியவர் தோட்டத்துப் பேச்சை அறியாதவர். “எங்களுக்குப் பாதிப் பெயர் மட்டுமே தரப்பட்டது” என்று போட்டுவிட்டார். மறுவாரம் ஒரு விமர்சகர் அந்த ஒற்றை வரியை வைத்து அரைப் பக்கம் எழுதினார். பெயரில் பாதியை இழந்த ஒரு சமூகத்தின் ஆதித் துயரம் என்றார். வெட்டப்பட்ட அரைநாள் சம்பளம் அந்தக் கட்டுரையில் எங்குமே இல்லை. நான் திருத்தச் சொல்லி எழுதட்டுமா என்று கேட்டேன்.

“வேணாம்ணே. பாவம், சந்தோசமா அழுதிருக்காரு. ஏன் கெடுக்கணும்?”

இப்போது எல்லோரும் புவனா சாந்தமானவர் என்று எழுதுகிறார்கள். அவர் சாந்தமானவர் அல்லர். ஒரு கூட்டத்துக்கு என்னோடு வந்தால், பேசுகிறவர் வாய் திறக்கும் முன்பே அடுத்த வாக்கியத்தை என் காதில் சொல்லிவிடுவார். பெரும்பாலும் சரியாக இருக்கும். பரிசு கொடுக்க வந்தவர்களிடம் நன்றி சொல்ல மாட்டார். பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்து மட்டும் போடுவார். என் கட்டுரைகளில் பெயரடைகளைப் பேனாவால் அடித்து அனுப்புவார். அவரோடு வேலை செய்த இரண்டு ஒலிப்பதிவாளர்கள் ஓடிப்போனார்கள். ஒருவர் சொல்லிக்கொள்ளாமலே போனார்.

ஸ்டூடியோவில் மட்டும் வேறு ஆளாக இருப்பார். கல்யாணப் படங்களுக்குப் பின்னணி மாற்றிக் கொடுப்பது அவருடைய முக்கியத் தொழில். லயத்து வாசலில் எடுத்த மணமக்களைக் கணினியில் வெட்டி எடுத்து அருவிக்கு முன்னால், தாமரைக் குளத்துக்கு முன்னால், ஒரு முறை சுவிட்சர்லாந்துக்கு முன்னால் நிறுத்துவார். அதில் கெட்டிக்காரர். ஒரு நாள் நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

“பின்னால அருவிய வச்சிட்டா எந்த வீட்டு ஒழுகலும் தெரியாது, பாத்தீங்களா?” என்றார். “கல்யாணத்துக்குச் சரி. அவங்க ஆசப்படுறாங்க, செஞ்சி குடுக்குறேன். கேக்காம செஞ்சாத்தான் தப்பு.”

வெடிப்பு முதலில் தெரிந்தது ஒரு கார்த்திகை மழைக்குப் பிறகு. முதல் படத்தில் வந்த அந்த அம்மாவின் காம்பராவில், பின் சுவரில். புவனா போய் அதில் ஆள்காட்டி விரலை விட்டுக் காட்டிப் படம் பிடித்தார். உத்தியோகத்தர்கள் வந்து பார்த்தார்கள். இருக்கத் தகாத இடம் என்று கடிதமும் கொடுத்தார்கள். குடும்பங்களைக் கொஞ்ச நாள் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் வைத்திருந்தார்கள். பிறகு பாடசாலை தொடங்குகிறது என்று சொல்லி அதே லயத்துக்கு அனுப்பினார்கள். நிலம் அடையாளம் காணப்பட்டு வருகிறது என்றார் துரை. அடுத்த மழைக்குப் பிறகு புவனா மறுபடி போனார். அன்று நானும் கூடப் போயிருந்தேன். சுவருக்குப் பக்கத்தில் நின்று, வலது கையை மணிக்கட்டு வரைக்கும் வெடிப்புக்குள் விட்டார்.

“நான் புவனா. போன தடவ வெரல்தான் போச்சு. இப்ப கை போகுது. இந்த வீட்டுக்காரங்க சொன்னத சொல்றேன். ‘படுக்கும்போது தலைய வாசப்பக்கம் வச்சிப் படுக்குறோம். மண்ணு வந்தா கால்தான் மொதல்ல மாட்டும், இழுத்துக்கிட்டு ஓடிறலாம்.’ அவங்க சொன்னது இவ்வளவுதான்.”

கையை வெளியே எடுக்கும் முன் நான் ஒரு புகைப்படம் எடுத்துக்கொண்டேன். சுவருக்கு அந்தப் பக்கம் அந்த அம்மா பீங்கான் கழுவும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

‘பன்னிரண்டு காம்பரா’ படத்தைத் தோட்டத்து மனமகிழ் மன்றத்தில் காட்ட அனுமதி கேட்டபோது, குறுக்கே வந்தவர் புகைப்படம் கேட்ட அதே பொறுப்பாளர். சுவர் வரும் பகுதியை எடுத்துவிட்டால் காட்டலாம் என்று துரையிடம் பேசி முடித்திருந்தார். ஸ்டூடியோவுக்கு வந்து, கண்ணாடியில் தலை வாரிக்கொண்டே சொன்னார்.

“அக்கா, நீங்க வர்ற எடத்த மட்டும் கொஞ்சம் கொறைங்களேன். மத்தபடி சூப்பரா இருக்கு. மலையெல்லாம் எவ்வளவு அழகு.”

“நான் வர்ற எடத்த எடுத்தா மிச்சம் தேயிலதான் தம்பி. அத ஏற்கனவே டின்னுல ஒட்டியிருக்கானுங்க.”

படம் அங்கே காட்டப்படவில்லை. தொலைபேசியிலிருந்து தொலைபேசிக்குப் போனது. அதன் பிறகு புவனாவுக்கு மூச்சு விடுவது சிரமமாகி, பதுளை வைத்தியசாலைக்கும் ஹாலிஎலவுக்குமாக அலைந்தார். இறப்பதற்கு இரண்டு வாரம் முன்பு போய்ப் பார்த்தேன். பேசும்போது இடையிடையே நிறுத்த வேண்டியிருந்தது.

“செத்தா வருவானுங்கண்ணே. மைக் கட்டுவானுங்க. நீங்க போயி நில்லுங்க. எத்தன பேரு நடிகைன்னு சொல்றானுங்கன்னு எண்ணி வைங்க.”

“எண்ணி?”

“சும்மாதான். எனக்குத் தெரிஞ்சிக்கணும்.”

எண்ணினேன். நான்கு பேர்.

இறுதிச் சடங்கு வியாழக்கிழமை பிற்பகல். ஸ்டூடியோவுக்கு எதிரே கூடாரம் போட்டிருந்தார்கள். துரை மலர்வளையம் அனுப்பியிருந்தார். பூக்களுக்கு நடுவே தேயிலைக் கொழுந்து செருகியிருந்தது. யாருடைய யோசனை என்று தெரியவில்லை, எடுத்தவளுக்கு அதற்குப் பேர் போட்டார்களா என்பதும் தெரியவில்லை. கொழும்பு விமர்சகர் வந்திருந்தார். பாதிப் பெயர் பற்றிப் பேசிக் கண் கலங்கினார். புவனா சொன்னது சரிதான், அவருக்கு அதில் உண்மையான சந்தோஷம் இருந்தது. அந்தப் பன்னிரண்டு குடும்பங்களைப் பற்றி அதுவரை மைக்கைப் பிடித்த ஏழு பேரில் ஒருவர்கூட ஒரு வார்த்தை பேசவில்லை.

இனி பேனர். பத்தடி உயரம். நான் படம் அனுப்பவில்லை. சொன்னபடியே, பொறுப்பாளர் கடைசிப் படத்திலிருந்து ஒரு காட்சியை வெட்டி எடுத்திருந்தார். அவர்களிடம் இருந்தவற்றில் புவனாவின் முகம் தெளிவாகத் தெரிந்தது சுவருக்குப் பக்கத்தில் நின்ற காட்சியில்தான். சுவரை அழித்துவிட்டு அந்த இடத்தில் பச்சை மலையும் அருவியும் வைத்திருந்தார்கள். ஒரு சிக்கல் மட்டும் இருந்தது. அவருடைய வலது கை அப்போது சுவருக்குள் இருந்தது. சுவரை எடுத்ததும் கை மணிக்கட்டோடு முடிந்துவிட்டது. அச்சுக்கடைக்காரர் அதற்கு ஒரு வழி கண்டுபிடித்து, மணிக்கட்டின் நுனியில் ஒரு தாமரையை ஒட்டியிருந்தார். அதற்குக் கீழே பெரிய எழுத்தில் ‘மலையகத்தின் கலைத்தாயே, போய் வா’ என்று இருந்தது.

நான் அதன் முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. எனக்குப் பக்கத்தில் ஒருவர், பூவைக் காட்டி நமக்கு விடை கொடுப்பது போலவே இருக்கிறது இல்லையா என்று கேட்டார்.

லயத்து ஆட்கள் லுணுகலையிலிருந்து பஸ் பிடித்து வந்து சேர்ந்தபோது பேச்சுகள் முடியும் நேரம். உடலைக் கும்பிட்டுவிட்டு வரிசையாக வெளியே வந்தார்கள். அந்த அம்மா பேனருக்கு முன்னால் நின்றுவிட்டார். ஸ்வெட்டரைப் பார்த்தார். முகத்தைப் பார்த்தார். பிறகு தாமரையைப் பார்த்தார்.

“இது எங்க வீட்டுல நின்னு எடுத்ததுல்ல?” என்றார் பொறுப்பாளரிடம்.

“ஆமாம்மா. அந்தப் படந்தான்.”

“செவுரு எங்கங்க?”

“அது பின்னணி மாத்துனதும்மா. அழகுக்கு.”

“புவனா கை?”

பொறுப்பாளர் கையிலிருந்த மைக்கை இறக்கிப் பிடித்தார். மைக் திறந்தே இருந்தது. அந்த அம்மா பேசியது கூடாரம் முழுவதும் கேட்டது.

“அந்தக் கை எங்க செவுத்துக்குள்ள இருக்குங்க. இப்ப போயி விட்டா முழங்கை வரைக்கும் போகும். நேத்து நான் விட்டுப் பாத்தேன். பன்னெண்டு குடும்பம் அதுக்குள்ளதான் இருக்கோம். அதச் சொல்லத்தான் புள்ள கைய விட்டுச்சி, பூவு காட்ட இல்ல.”

“அம்மா, இது சாவு வீடு. இங்க வந்து இதெல்லாம் பேசக்கூடாது.”

“சாவு வீடுதாங்க, தெரியுது. எங்க வீட்டயும் அப்படி ஆக்கிறாதீங்கன்னுதான் சொல்றேன்.”

நாலைந்து பேர் தொலைபேசியை உயர்த்திப் பிடித்தார்கள். இத்தனை ஆண்டுகளாகக் காமராவைக் கண்டால் முந்தானையை எடுத்தவர் அவர். அன்றும் கை முந்தானைக்குப் போனது. போய், திரும்பி வந்தது.

“புடிங்க” என்றார். “நல்லா மூஞ்சி தெரியப் புடிங்க. நான் சொன்னதத்தான் அது சொல்லிக்கிட்டு இருந்துச்சி. இப்ப அது இல்ல. நானே சொல்லிக்கிறேன்.”

அங்கிருந்து நேராக என்னிடம் வந்தார். “சார்தானே புவனாவோட பேப்பர்காரரு? எழுதுவீங்கல்ல. எழுதினா என் பேரப் போடுங்க. அரைப் பேரா போட்டுறாதீங்க, முழுசா போடுங்க.”

திங்கட்கிழமை மாலை அவருக்குத் தொலைபேசியில் பேசினேன். அன்று பெரட்டில் எந்த மலை கொடுத்தார்கள் என்று கேட்டேன். “பத்தாம் நம்பர்தான் சார். வேற எத குடுப்பாங்க?” என்றார். அப்படியானால் பெயரை எடுத்துவிடட்டுமா என்றேன். “எடுத்தா மட்டும் நான் முந்தி போன நாலாம் மலைக்கா மறுபடி அனுப்பப் போறாங்க? போடுங்க” என்றார்.

புவனாவிடமிருந்து எனக்கு மிஞ்சியவை இரண்டு. ஒன்று, அவர் அடித்துத் திருப்பி அனுப்பிய பெயரடைகளின் ஞாபகம். இந்தக் கட்டுரையிலும் சில அவரிடம் தப்பியிருக்காது. மற்றது, பேனருக்குக் கொடுக்காமல் வைத்திருந்த புகைப்படம். அதை இந்தப் பக்கத்தில் வெட்டாமல் போடச் சொல்லியிருக்கிறேன். அதன் கீழே வர வேண்டிய வரிகளையும் நானே எழுதிக் கொடுத்திருக்கிறேன்:

புவனேஸ்வரி. படங்கள் எடுத்தவர், நடிகை அல்லர். பக்கத்தில் இருப்பது லுணுகலைக்கு மேலே ஒரு தோட்டத்தின் பன்னிரண்டு காம்பரா லயம், ஆறாம் காம்பராவின் பின் சுவர். அவருடைய வலது கை சுவருக்குள் இருக்கிறது. வீட்டுக்காரர் பெயர் பெருமாள் செல்லம்மா. சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கிறார்.